களிமண்ணும் நாவும் காத்த பெயர்கள்

(கிரேக்கப் பழந்தெய்வங்களைப் பற்றிய சொற்பொழிவு)



ஓர் இனத்தின் கோயில்கள் இடிந்து போகலாம். வழிபாடு நின்று போகலாம். அதன் தெய்வங்களுக்கு விளக்கேற்ற ஒருவரும் இல்லாமற் போகலாம். அதன் பின்னர் அத் தெய்வங்கள் எங்கே வாழ்கின்றன? அம் மக்களின் மொழியில் வாழ்கின்றன. இவ் வுண்மைக்குக் கிரேக்கரின் பழந்தெய்வங்களைவிடத் தெளிவான சான்று உலக வரலாற்றில் அரிது.

பழந்தமிழ்ப் பாட்டுகள் கடல் கடந்து வந்த மேனாட்டாரை யவனர் என்று குறித்தன. அச் சொல்லின் வேர், கிரேக்கருள் ஒரு பிரிவினரான இயோனியரின் பெயரே. அந்த யவனர் தம் தாய்நாட்டில் எந்தத் தெய்வங்களைத் தொழுதனர்? அத் தெய்வங்களின் பெயர்கள் எவ்வாறு மறைக்கப்பட்டன, எவ்வாறு மீண்டன? இவையே இங்கு எடுத்துரைக்கப்படும் செய்திகள்.

குடும்பமும் ஆட்சியும்

கி.மு. 700ஐ ஒட்டி வாழ்ந்த எசியோடு என்னும் பாவலர், கலப்பை பிடித்த கையால் எழுத்தாணியும் பிடித்தவர். தெய்வங்களின் பிறப்பை அவர் பாடினார். முதலில் இருந்தது வெறும்பாழ். பின்னர் நிலமகளாகிய கேயா தோன்றினாள். அவள் வானாகிய உரானோசை ஈன்று, அவனையே கணவனாகவும் கொண்டாள். பிள்ளைகளை வெளிவர விடாமல் நிலத்தின் வயிற்றுக்குள்ளேயே அடக்கி வைத்த அவ் வானத் தந்தையை, இளைய மகன் குரோனோசு அரிவாளால் அறுத்து வீழ்த்தினான். வீழ்த்தியவனுக்கும் அதே அச்சம் வந்தது. தன் மகனால் தன் ஆட்சி கவிழும் என்று அஞ்சிப் பிறந்த பிள்ளைகளை ஒவ்வொன்றாக விழுங்கினான். ஆறாவது பிள்ளை பிறந்தபோது, தாய் இரேயா ஒரு கல்லைத் துணியிற் சுற்றிக் கொடுத்தாள். அவன் அதையும் விழுங்கினான். கிரீட்டுத் தீவில் மறைவாக வளர்ந்த அந்த ஆறாவது பிள்ளைதான் சியூசு. விழுங்கப்பட்ட உடன்பிறப்புகளை அவன் மீட்டான்; தைத்தானியர் என்னும் மூத்த தெய்வங்களுடன் பத்தாண்டுகள் போரிட்டு வென்றான்.

வென்றபின் உடன்பிறந்தார் மூவர் திருவுளச்சீட்டுப் போட்டு உலகைப் பகிர்ந்துகொண்டனர் என்பது ஓமரின் காப்பியத்தில் வரும் செய்தி. சியூசுக்கு வானம், பொசைதனுக்குக் கடல், ஏடீசுக்கு இறந்தோர் வாழும் கீழுலகம். நிலமும் ஒலிம்பசு மலையும் மூவர்க்கும் பொது. வடகிரேக்கத்தில் ஏறத்தாழ 9,570 அடி உயர்ந்து, முகில் சூழ்ந்து நிற்கும் மலை அது.

ஒவ்வொரு தெய்வத்துக்கும் ஒரு பணி உண்டு. இடியும் மழையும் சியூசுக்கு உரியவை. வழி வந்த அயலானைக் காப்பதும் அவன் கடன். விருந்தினனை இழித்தவன் சியூசை இழித்தவன் ஆவான். திருமணத்துக்கு ஈரா, கூலத்துக்கும் விளைச்சலுக்கும் தெமித்தர், அடுப்புத் தீக்கு எசுத்தியா, வழிகளுக்கும் தூதுக்கும் எர்மிசு, வேட்டைக்கு ஆர்த்தெமிசு, இசைக்கும் குறிசொல்லலுக்கும் அப்பொல்லோ, கொடிமுந்திரித் தேறலுக்குத் தயோனிசு, காமத்துக்கு அப்பிரோதைத்தி, போர்வெறிக்கு ஆரிசு. உலைக்களத்தில் சம்மட்டி ஏந்திய கொல்லன் எபைசுத்தசுக்குக் கால் ஊனம். உடலுழைப்பாளி ஒருவனைத் தெய்வங்களின் வரிசையில் அமர்த்திய பெருமை கிரேக்கருக்கு உண்டு. அவ் வுழைப்பாளியின் நடையைக் கண்டு மற்றைத் தெய்வங்கள் சிரித்தன என்பதையும் ஓமர் மறைக்கவில்லை.

ஏதென்சு நகரத்தின் தெய்வம் அத்தீனா. அந் நகருக்காக அவளும் பொசைதனும் போட்டியிட்டனர். அவன் பாறையைக் குத்தி உப்புநீர் வரச் செய்தான். அவள் ஒலிவ மரத்தை நட்டாள். மரமே வென்றது. இது வெறுங்கதையாக நின்றுவிடவில்லை. அத்தீனாவுக்கு உரியவையாகக் கருதப்பட்ட ஒலிவ மரங்களை ஏதென்சு அரசு சட்டத்தால் காத்தது. அவ்வகை மரமொன்றின் அடிக்கட்டையை அகற்றியதாகக் குற்றஞ் சாட்டப்பட்ட ஒருவருக்காக இலிசியாசு எழுதிய வழக்குரை இன்றும் கிடைக்கின்றது. கி.மு. 480இல் பாரசீகப் படை கோட்டைக்குன்றை எரித்தபோது அத்தீனாவின் மரமும் எரிந்தது. மறுநாளே அதன் அடியிலிருந்து ஒரு முழ அளவுக்குத் தளிர் கிளம்பியது என்று எரோதோத்தசு எழுதி வைத்தார். எரிந்தது துளிர்க்கும் என்னும் நம்பிக்கை, தோற்ற மக்களுக்கு எத்துணைப் பெரிய ஊன்றுகோல்!

கி.மு. 522ஐ ஒட்டி ஏதென்சின் அங்காடி வெளியில் பன்னிரு தெய்வங்களுக்கு ஒரு பலிமேடை எழுப்பப்பட்டது. அந் நகரிலிருந்து வழித்தொலைவுகள் அம் மேடையிலிருந்தே அளக்கப்பட்டன. தம் தெய்வங்கள் நின்ற இடத்தை நடுவாக வைத்து உலகை அளந்தவர்கள் அம் மக்கள்.

எகிப்து தந்ததா?

இனி, பெயர்களின் செய்திக்கு வருக. வரலாற்றின் தந்தை எனப் போற்றப்படும் எரோதோத்தசு, கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் எகிப்துக்குச் சென்றார். அங்குள்ள கோயில்களின் பழமையையும் அங்குள்ள குருமாரின் நீண்ட தலைமுறைக் கணக்கையும் கண்டு மலைத்தார். பொசைதன், ஈரா, எசுத்தியா முதலிய சிலரை நீக்கி, கிரேக்கத் தெய்வங்களின் பெயர்களில் ஏறத்தாழ அனைத்தும் எகிப்திலிருந்தே வந்தன என்று எழுதினார்.

எண்ணிப் பாருங்கள்! சொன்னவர் பகைவர் அல்லர், கிரேக்கர். அதுவும் கிரேக்கருள் பேரறிஞர். அண்டை நாட்டின் பழமை கண்ணைக் கூசச் செய்தபோது, தம் இனத்தின் பெயர்களையே பிறர் கொடை என எழுத அவர் தயங்கவில்லை. அண்டையில் இருப்பவன் மூத்தவன் என்பதனாலேயே, வீட்டிலுள்ள பொருளெல்லாம் அவன் தந்தது ஆகிவிடுமா? மொழிநூல் பின்னாளில் விடை கூறியது. சியூசு என்னும் பெயரின் வேர், ஒளிரும் வானத்தைக் குறிப்பது. கிரேக்கத்துக்கு இனமான பிற மொழிகளிலும் அவ் வேர் உள்ளது. இலத்தீனத்தின் சூப்பித்தர் என்னும் பெயரின் முற்பகுதியும் வடமொழியின் தியௌசு என்னும் வானப் பெயரும் அதே வேரில் கிளைத்தவை. எகிப்தின் நைலாற்றங்கரையில் அவ் வேருக்கு இடமே இல்லை.

நெருப்பில் வெந்த கணக்கேடு

மொழிநூல் கூறிய விடைக்கு மண்ணும் சான்று பகர்ந்தது. 1900இல் ஆர்தர் ஈவான்சு என்னும் ஆங்கிலேயர் கிரீட்டுத் தீவின் நொசோசு என்னும் இடத்தில் அகழத் தொடங்கினார். எழுத்துப் பொறித்த களிமட் பலகைகள் வெளிவந்தன. அவ் வெழுத்துக்கு வரியெழுத்து ‘ஆ’ என்று பெயரிடப்பட்ட ஒரு வகையும், அதற்குப் பின்னைய இரண்டாம் வகையும் இருந்தன. இரண்டாம் வகையே மிகுதி. அம் மக்கள் கிரேக்கர் அல்லர் என்பது ஈவான்சின் உறுதியான கொள்கை. 1941இல் அவர் மறையும் வரை அவ் வெழுத்து படிக்கப்படவில்லை. 1939இல் கிரேக்கப் பெருநிலத்தில் பைலோசு என்னும் இடத்திலும் கார்ல் பிளேகன் அதே எழுத்துப் பலகைகளைக் கண்டெடுத்தார்.

பதினான்கு அகவைச் சிறுவனாக 1936இல் ஈவான்சின் பேச்சைக் கேட்டவர் மைக்கேல் வெந்திரிசு. பிற்காலத்தில் அவர் கட்டடக் கலைஞரானார். எந்தப் பல்கலைக் கழகத்திலும் மொழியாசிரியராக இருந்தவர் அல்லர். ஆலிசு கோபர் என்னும் அமெரிக்க அம்மையார், சொல்லீறுகள் மாறும் ஒழுங்கைப் பொறுமையாகக் கண்டு அடிப்படை இட்டு, 1950இல் மறைந்தார். அவ் வழியில் மேலும் சென்ற வெந்திரிசு, 1952 சூலை 1ஆம் நாள் வானொலியில் தம் முடிவை அறிவித்தார்: அப் பலகைகளின் மொழி கிரேக்கம்! அதற்கு முன் அவரே அம் மொழி இத்தாலியின் எத்துருசுகன் மொழிக்கு இனமானது என்று பல்லாண்டு கருதியிருந்தவர். சான்று வேறாகப் பேசியபோது தம் கருத்தை அவர் கைவிட்டார். அறிஞர்க்கு அழகு அதுவே. பின்னர்ச் சான் சாட்விக்குடன் சேர்ந்து அம் முடிவை நிறுவினார். 1956இல் ஒரு சாலை நேர்ச்சியில், முப்பத்து நான்காம் அகவையில் மாண்டார்.

அப் பலகைகளில் இருந்தவை பாட்டுகள் அல்ல, கணக்குகள். இத்தனை ஆடு, இத்தனை அளவு எண்ணெய், இன்ன தெய்வத்துக்கு இத்தனை சாடி தேன். ஓராண்டுக் கணக்குக்காக எழுதப்பட்ட பச்சைக் களிமண் அவை; சுடப்பட்டவை அல்ல. அரண்மனைகள் எரிந்தபோது அத் தீயில் வெந்து அவை உறுதிப்பட்டன. பைலோசு அரண்மனை எரிந்தது கி.மு. 1200ஐ ஒட்டி. நாட்டை அழித்த நெருப்பே நாட்டின் கணக்கேட்டைக் காத்துக் கொடுத்தது.

அக் கணக்குகளில் எவரெவர் பெயர்கள் இருந்தன? சியூசு இருந்தான். ஈரா இருந்தாள். பைலோசில் பொசைதனுக்குப் பெருமதிப்பு. எர்மிசும் ஆர்த்தெமிசும் இருந்தனர். நொசோசுப் பலகை ஒன்றில் அத்தீனாவின் பெயர் தலைவி என்னும் அடைமொழியோடு இருந்தது. மற்றொரு பலகையில் எல்லாத் தெய்வங்களுக்கும் ஒரு சாடித் தேன் என்றும், சுழல்மனைத் தலைவிக்கு ஒரு சாடித் தேன் என்றும் எழுதியிருந்தது.

எல்லாவற்றினும் வியப்பானது தயோனிசின் பெயர். அவன் பிற்காலத்தில் வந்த அயல்தெய்வம். திரேசிலிருந்தோ ஆசியாவிலிருந்தோ நுழைந்தவன் என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பேராசிரியர் பலரின் முடிவு. எரோதோத்தசும் அவனை இளைய தெய்வங்களுள் வைத்தார். யூரிப்பிடீசின் நாடகத்தில் அவன் ஆசியாவிலிருந்தே வருகின்றான். மன்னன் அவனை ஏற்க மறுத்து அழிகின்றான். ஆயினும் பைலோசுப் பலகைகளில் அவன் பெயர் கிடைத்தது. அது தெய்வத்தின் பெயரா, ஆளின் பெயரா என்று முதலில் ஐயுற்றனர். பின்னர்க் கிரீட்டின் கானியா நகரில் கிடைத்த பலகை, சியூசுக்கும் தயோனிசுக்கும் தேன் படைத்ததை ஒருங்கே கூறி ஐயத்தை அகற்றியது. அயலான் என்று நூற்றாண்டுக் கணக்கில் சொல்லப்பட்டவன், வீட்டின் மிகப் பழைய கணக்கேட்டிலேயே வீட்டானாக இருந்தான்! வருகை என்பது அவன் வழிபாட்டின் இயல்பு; அது குடிபெயர்ந்த வரலாறு அன்று. கதையின் இயல்பை வரலாறாகப் படித்ததே பிழை.

இன்னொன்றும் கருதத்தக்கது. அரண்மனைகள் அழிந்தபின் கிரேக்கர் அவ் வெழுத்தை மறந்தனர். ஏறத்தாழ நானூறு ஆண்டுகள் அந் நாட்டில் எழுத்தே இல்லை. கி.மு. எட்டாம் நூற்றாண்டளவில் போனீசியரின் எழுத்தைத் தழுவிப் புதிய எழுத்தை அமைத்துக்கொண்டனர். அப் புதிய எழுத்தில் ஓமரின் பாட்டுகள் ஏறியபோது, பழைய பலகைகளில் இருந்த அதே சியூசு, அதே ஈரா, அதே பொசைதன் அங்கு நின்றனர். எழுத்தில்லா நானூறு ஆண்டுகளில் அப் பெயர்களைக் காத்தது எது? மக்களின் நா. வயலில் உழுதவனும் தொட்டிலாட்டிய தாயும் பாடித் திரிந்த பாணனும் பேசிய பேச்சு. அரசு அழிந்தது, எழுத்து அழிந்தது, பேச்சு அழியவில்லை.

வந்தவரும் இருந்தவரும்

எனினும், எல்லாமே உள்நாட்டு விளைவு என்று சாதிப்பது உண்மைக்கு மாறு. அப்பிரோதைத்தியின் பெயர் அப் பலகைகளில் இல்லை. அவளுடைய பெருங்கோயில் சைப்ரசுத் தீவின் பாப்போசில் இருந்தது. போனீசியரின் அசுதார்த்தை என்னும் இறைவியோடு அவளுக்கு நெருங்கிய ஒப்புமை உண்டு. அவள் காதலன் அதோனிசின் பெயர், தலைவன் என்னும் பொருள்தரும் செமித்தியச் சொல்லிலிருந்து வந்தது. தந்தையை மகன் அறுத்து வீழ்த்தும் எசியோடின் கதையை ஒத்த கதை, இன்றைத் துருக்கி நாட்டில் இருந்த இத்தைத்து மக்களின் பலகைகளில் அதற்கு முன்பே எழுதப்பட்டிருந்தது.

இவற்றைக் கூறுவதால் கிரேக்கருக்கு இழிவு இல்லை. இருந்ததை இல்லை என்பதும், இல்லாததை உண்டு என்பதும் பற்று ஆகா. தயோனிசு வந்தவன் என்று சான்றின்றிக் கூறியது எவ்வளவு பிழையோ, அப்பிரோதைத்தியின் கிழக்குத் தொடர்பைச் சான்றிருந்தும் மறைப்பது அவ்வளவு பிழை. சான்றே நடுவன்.

பெயர் மறைப்பு

கிரேக்க நாடு உரோமரின் ஆட்சிக்குள் வந்தது. உரோமர் கிரேக்கக் கதைகளை விரும்பி ஏற்றனர். பெயர்களை மட்டும் தம் தெய்வங்களின் பெயர்களாக மாற்றினர். சியூசு சூப்பித்தர் ஆனான். ஈரா சூனோ ஆனாள். அத்தீனா மினெர்வா ஆனாள். எர்மிசு மெர்க்குரி ஆனான். அப்பொல்லோ ஒருவனே பெயர் மாறாமல் தப்பினான்.

பெயர் மாறினால் என்ன என்று கேட்கலாம். ஆரிசைப் பாருங்கள். ஓமரின் காப்பியத்தில் தந்தை சியூசே அவனைத் தெய்வங்களுள் மிக வெறுக்கத்தக்கவன் என்று கடிகின்றான். அவனுக்கு ஈடாக வைக்கப்பட்ட மார்சு, உரோமை நகரை நிறுவிய உரோமுலுசின் தந்தை. உரோமரின் பெருமதிப்புக்கு உரியவன். கிரேக்கர் அஞ்சி வெறுத்த போர்வெறியும் உரோமர் போற்றி வணங்கிய போர்மறமும் ஒரே பெயருக்குள் திணிக்கப்பட்டன. பெயரோடு பொருளும் போயிற்று.

மேற்கு ஐரோப்பா கிரேக்கத்தை இலத்தீனத்தின் வழியாகவே நூற்றாண்டுக் கணக்கில் அறிந்தது. 1715 முதல் 1720 வரை அலெக்சாந்தர் போப்பு ஓமரின் காப்பியத்தை ஆங்கிலத்தில் தந்தபோதும் உரோமப் பெயர்களையே பெய்தார். கிரேக்கப் பாவலர் பாடிய கிரேக்கக் காப்பியத்தில் கிரேக்கத் தெய்வங்களுக்கு அவர்தம் பெயரில்லை! 1846இல் கிரேக்க வரலாற்றை வெளியிடத் தொடங்கிய சியார்சு குரோட்டு, உரோமப் பெயர்களை ஒதுக்கிச் சியூசு, அத்தீனா என்னும் உரிய பெயர்களை ஆண்டார். அன்று அது வேடிக்கையாகத் தோன்றியிருக்கலாம். இன்று அதுவே எங்கும் வழக்கு. உரிய பெயரை ஒருவர் துணிந்து எழுதினால், உலகம் பின்னர் அதைப் பின்பற்றும். கோள்களிற் பெரும்பாலானவை மட்டும் இன்னும் உரோமப் பெயர்களையே சுமந்து சுழல்கின்றன.

கேள்வி கேட்ட கிரேக்கர்

தம் தெய்வங்களைக் கிரேக்கர் கண்மூடித் தொழுதனர் என்று எண்ணற்க. கி.மு. ஆறாம் நூற்றாண்டில் பிறந்த செனோபானீசு, ஓமரும் எசியோடும் களவையும் காமத்தையும் வஞ்சகத்தையும் தெய்வங்கள்மேல் ஏற்றினர் என்று கடிந்தார். கருநிற மாந்தர் தம் தெய்வங்களைக் கருநிறமாகவும், திரேசியர் தம் தெய்வங்களை நீலக் கண்ணும் செம்முடியும் உடையனவாகவும் படைத்துக்கொண்டதைச் சுட்டி, மாந்தன் தன் உருவிலேயே தெய்வத்தைச் செய்கிறான் என்பதை விளக்கினார். கி.மு. 399இல் சாக்கிரட்டீசு மீது சுமத்தப்பட்ட குற்றங்களுள் ஒன்று, நகரம் ஏற்ற தெய்வங்களை அவர் ஏற்கவில்லை என்பது. நஞ்சு குடித்து அவர் இறந்தார். அவர் மாணவர் பிளேட்டோ, தம் நன்னகரில் தெய்வங்களை இழிவுபடுத்தும் கதைகளுக்கு இடமில்லை என்றார்.

தொழுதவனும் கிரேக்கத்தில் தொழுதான். மறுத்தவனும் கிரேக்கத்தில் மறுத்தான். பாட்டு, வழக்கு, மெய்யியல் எல்லாம் ஒரே தாய்மொழியில் நிகழ்ந்தன. அதனால்தான் அவ் வழிபாடு மறைந்த பின்னும் அவ் வாழ்க்கை முழுமையாகக் கிடைக்கின்றது.

பிரிந்து கிடக்கும் அவை

கி.பி. 391, 392ஆம் ஆண்டுகளில் பேரரசர் தியோதோசியசு பலியிடுதலையும் பழங்கோயில் வழிபாட்டையும் தடை செய்தார். கி.மு. 447 முதல் 432 வரை கட்டப்பட்ட அத்தீனாவின் பார்த்தினான் கோயில் கிறித்தவக் கோயிலாயிற்று, துருக்கர் ஆட்சியில் பள்ளிவாசலாயிற்று, வெடிமருந்துக் கிடங்குமாயிற்று. 1687இல் வெனிசுப் படையின் குண்டு விழுந்து அது வெடித்துச் சிதறியது. 1801 முதல் எல்கின் பெருமகனின் ஆட்கள் எஞ்சிய சிற்பங்களிற் பெரும்பகுதியைப் பெயர்த்தனர். 1816இல் ஆங்கில அரசு 35,000 பவுனுக்கு அவற்றை வாங்கி இலண்டன் அருங்காட்சியகத்தில் வைத்தது.

அக் கோயிலின் கீழ்த்திசைச் சுவரின் மேலே ஒரு சிற்பவரிசை இருந்தது. பன்னிரு தெய்வங்கள் அமர்ந்திருக்க, நகர மக்கள் அத்தீனாவின் விழாவுக்கு ஊர்வலமாக வரும் காட்சி அது. அத் தெய்வ அவை இன்று இரு நாடுகளில் பிரிந்து கிடக்கின்றது. சியூசும் ஈராவும் அத்தீனாவும் எபைசுத்தசும் இலண்டனில். பொசைதனும் அப்பொல்லோவும் ஆர்த்தெமிசும் ஏதென்சில். 1982இல் மெக்சிக்கோவில் கூடிய உலகப் பண்பாட்டு மாநாட்டில் கிரேக்க அமைச்சர் மெலினா மெர்கூரி அவற்றைத் திருப்பித் தருமாறு கேட்டார். வைக்க இடமில்லை என்ற சாக்கையும் கிரேக்கர் விட்டுவைக்கவில்லை. 2009இல் கோட்டைக்குன்றின் அடியிலேயே புதிய அருங்காட்சியகத்தைத் திறந்தனர். 2022இல் இத்தாலியின் பலெர்மோ அருங்காட்சியகம், அதே சிற்பவரிசையைச் சேர்ந்த, ஆர்த்தெமிசின் காலடி எனக் கருதப்படும் துண்டைத் திருப்பித் தந்தது. ஒரு காலடி வீடு திரும்பியது, தலைவி திரும்பவில்லை.

அவையீர்! கல்லைப் பெயர்க்கலாம். கோயிலை வெடிக்கச் செய்யலாம். பெயரை மாற்றி எழுதலாம். நாவிலிருந்து பெயரைப் பெயர்ப்பது மட்டும் அரிது. இன்றைக் கிரேக்கர் கிறித்தவர்கள். ஆயினும் தெருவில் விளையாடும் மகனைத் ‘திமித்திரி’ என்று ஒரு கிரேக்கத் தாய் கூப்பிடுகிறாள். அவள் எண்ணுவது தன் சமயத்துத் தூயவர் ஒருவரை. அவள் நாவில் ஒலிப்பது கூலத்துக்குரிய தெமித்தரின் பெயர். ‘தியோனிசி’ என்று அடுத்த வீட்டுப் பிள்ளையை அழைக்கிறார்கள். பச்சைக் களிமண்ணில் தேன்கணக்கு எழுதிய எழுத்தன் அப் பெயரைக் கேட்டால், மூவாயிரம் ஆண்டுக்குப் பின்னும் அடையாளம் கண்டுகொள்வான்.

பேசும் வரை பெயர் வாழும்; பெயர் வாழும் வரை இனத்தின் நினைவும் வாழும். கிரேக்கரின் தெய்வங்கள் உலகுக்குச் சொல்லும் செய்தி இதுவே.